பிரியாணி வந்துவிட்டது என்பது பதில் ஆகாது

சிங்கப்பூரில் உள்ள எங்கள் சிக்கனக் கடன் கூட்டுறவுச் சங்கத்தின் செயலவைக்கு,

சென்ற மாதம் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் ஒரு கேள்வி கேட்டேன். பதில் வரவில்லை. மறுவாரம் கடிதமாகக் கொடுத்தேன், முகப்பில் இருந்த பிள்ளை முத்திரை குத்தி நகலைத் திருப்பித் தந்தது. இரண்டு மின்னஞ்சல் அனுப்பினேன், "உங்கள் கருத்து கவனத்தில் கொள்ளப்பட்டது" என்று ஒரே வரி இரண்டு முறை வந்தது. நான் கருத்து சொல்லவே இல்லை, கேள்விதான் கேட்டேன். அதனால் எல்லாரும் படிக்கிற இடத்தில் எழுதுகிறேன்.

சங்கத்தின் பெயரை எழுதவில்லை, என் அப்பா எங்கே வேலை பார்த்தார் என்றும் எழுதவில்லை, எழுதினால் எந்தச் சங்கம் என்று தெரிந்துவிடும். உங்களை ஊர் வாயில் போடுவது என் எண்ணம் இல்லை. உங்களில் சிலரை நான் வெளியில் பார்த்தால் அண்ணன் என்றுதான் கூப்பிடுகிறேன். ஆனால் இந்த மடலில் நீங்கள் செயலவை, நான் 1991-லிருந்து ஒரு மாதம் விடாமல் சந்தா கட்டிவரும் உறுப்பினர், அவ்வளவுதான்.

கேள்வி இது. சென்ற ஆண்டு, கூட்டுறவுச் சங்கங்களைக் கண்காணிக்கும் அரசாங்கப் பதிவாளரின் அலுவலகத்திலிருந்து ஆட்கள் வந்து இரண்டு நாள் உட்கார்ந்து நம் பேரேடுகளையும் கடன் கோப்புகளையும் பார்த்தார்கள். பார்த்துவிட்டு என்ன எழுதிக் கொடுத்தார்கள்?

வந்தார்கள் என்பதே எனக்கு நீங்கள் சொல்லித் தெரியவில்லை. அன்றைக்குத் தற்செயலாகப் பணம் எடுக்கும் படிவம் வாங்க வந்திருந்தேன், கூட்ட அறை மேசை முழுக்கப் பெட்டிகள். என்ன விஷயம் என்றால் "வழக்கமான சோதனைதான் அக்கா" என்றார்கள். சரி, வழக்கமானது என்றால் சொல்வதில் என்ன கஷ்டம்? பொதுக்கூட்டத்தில் தலைவர் அறிக்கையில் அதைப் பற்றி ஒரு சொல் இல்லை. குடும்ப தினத்துக்கு மூன்று பக்கம் இருந்தது, மிருகக்காட்சிசாலையில் எடுத்த படத்தோடு.

நான் எழுந்து கேட்டபோது மணி ஒன்று பதினைந்து. "இதர விவகாரங்கள்" என்ற கடைசி அங்கத்தை எப்போதும் அந்த நேரத்துக்குத்தான் கொண்டுவருகிறீர்கள், பின்னால் பிரியாணி டப்பாக்கள் அடுக்கிவைத்த பிறகு. தலைவர் ஒலிவாங்கியைச் செயலாளரிடம் கொடுத்தார், செயலாளர் "அது பதிவாளருக்கும் செயலவைக்கும் இடையிலான கடிதப் போக்குவரத்து, ரகசியம், வெளியிடச் சட்டம் இடம் தரவில்லை" என்றார். எந்தப் பிரிவு என்று கேட்டேன். "பார்த்துச் சொல்கிறோம்" என்றார். அப்புறம் பொருளாளர் சிரித்துக்கொண்டே சாப்பாடு ஆறிவிடும் என்றார், எல்லாரும் சிரித்தார்கள். எனக்கும் ஒரு கணம் சிரிப்பு வந்தது, அதைத்தான் இன்றுவரை தாங்க முடியவில்லை.

வீட்டுக்கு வந்து அதிர்ஷ்டக் குலுக்கலில் கிடைத்த அரிசிப் பையை இறக்கி வைத்துவிட்டு ஆண்டறிக்கையை முதல் முறையாக முழுதாகப் படித்தேன். முப்பது ஆண்டுகளுக்கு மேலாக உறுப்பினராக இருந்தும் கணக்குக் குறிப்புகளை இதற்குமுன் நான் படித்ததே இல்லை, அது என் தவறு, ஒத்துக்கொள்கிறேன். "இதர வரவேண்டிய தொகை" என்று ஒரு வரி இருக்கிறது. முந்தைய ஆண்டு 84,000 வெள்ளி. இந்த ஆண்டு 611,000 வெள்ளி. கீழே விளக்கம் எதுவும் இல்லை. யாரிடமிருந்து வரவேண்டும், எப்போது வரவேண்டும், வராவிட்டால் யார் தலையில் விழும்? அந்தத் தொகைக்கும் வந்து பார்த்தவர்களுக்கும் தொடர்பு இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது. யாரும் பணத்தை எடுத்துவிட்டார்கள் என்று நான் சொல்லவில்லை. சொல்லக் கூடாது என்பதற்காகத்தான் அந்தக் கடிதத்தைக் காட்டுங்கள் என்கிறேன், காட்டாவிட்டால் பேச்சு தானாக வளரும், ஏற்கனவே காப்பிக்கடையில் வளர்ந்துகொண்டிருக்கிறது.

வரவேண்டிய தொகை என்றதும் எனக்கு ஏன் பற்றிக்கொண்டு வருகிறது என்றும் சொல்லிவிடுகிறேன். 2009-இல் என்னோடு வேலை பார்த்த ஒருவருக்கு நான் ஜாமீன் கையெழுத்துப் போட்டேன். பிள்ளை படிப்புக்கு என்று கடன் வாங்கினார், வேலை போய் ஊருக்குத் திரும்பிவிட்டார். சங்கம் என்னைத் தேடி வந்தது. மாதம் 180 வெள்ளி வீதம் இருபத்தாறு மாதம் என் சம்பளத்தில் பிடித்தீர்கள். ஒரு மாதம், அம்மா மருத்துவமனையில் இருந்த மாதம், தள்ளிவைக்க முடியுமா என்று கேட்டேன். "விதி எல்லாருக்கும் ஒன்றுதான்" என்று பதில் வந்தது. கட்டினேன். கையெழுத்துப் போட்டது நான், கட்டவேண்டியதும் நான்தான், அதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் அந்த விதி 180 வெள்ளிக்காரிக்கு மட்டும்தானா, ஆறு லட்சத்து 11 ஆயிரத்துக்கு இல்லையா என்று கேட்க எனக்கு உரிமை உண்டு. அதைக் காசு கொடுத்து வாங்கியிருக்கிறேன்.

இன்னொன்று. என் புளோக்கில் ஒரு மலாய் அக்கா இருக்கிறார், அவருடைய கணவர் நம் உறுப்பினர், இறந்து பதினான்கு மாதம் ஆகிறது. அவருடைய பங்கும் சேமிப்பும் இன்னும் வீட்டுக்குப் போய்ச் சேரவில்லை. கேட்கும்போதெல்லாம் ஒரு பத்திரம் குறைகிறது. முதலில் இறப்புச் சான்றிதழ், அப்புறம் நியமனப் படிவம், அப்புறம் அந்தப் படிவத்தில் கையெழுத்து ஒத்துப்போகவில்லை என்று. நான்தான் அவரோடு மூன்று முறை வந்தேன். மூன்றாவது முறை முகப்பில் இருந்தவர் தாழ்ந்த குரலில் "இப்போ பணம் வெளியே போறதைக் கொஞ்சம் மெதுவா பண்ணச் சொல்லியிருக்காங்க" என்றார். யார் சொல்லியிருக்கிறார்கள்? செயலவையா, பதிவாளரா? பதிவாளர் என்றால் அது அந்தக் கடிதத்தில் இருக்கும். செயலவை என்றால் அது எந்தக் கூட்டத்தில் முடிவானது, கூட்டக் குறிப்பில் இருக்கிறதா?

இந்த மாதிரிச் சங்கம் எதற்கு வந்தது என்பதை உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, ஆண்டறிக்கையின் முதல் பக்கத்தில் நீங்களே போடுகிறீர்கள். சிங்கப்பூரின் முதல் கூட்டுறவுச் சங்கம் 1925-இல் அரசாங்க ஊழியர்கள் தொடங்கிய சிக்கனக் கடன் சங்கம். சின்னச் சம்பளக்காரனுக்கு வங்கி கடன் தராத காலம். அவசரம் என்றால் வட்டிக்காரன்தான். அப்பா சொல்லுவார், சம்பள நாளன்று வாயிற்கதவுக்கு வெளியே வட்டிக்காரர்கள் நிற்பார்கள், பின்பக்கச் சுவரேறிக் குதித்தவர்கள் உண்டு என்று. சங்கத்தில் சேர்ந்த பிறகு முன்வாசல் வழியாகவே வெளியே வந்தாராம். அவருடைய பழைய பாஸ்புத்தகம் இன்னும் என்னிடம் இருக்கிறது, மாதம் இரண்டு வெள்ளி என்று மையில் எழுதிய வரிகள். அந்த இரண்டு வெள்ளி சங்கத்தின் பணம் இல்லை, செயலவையின் பணமும் இல்லை, அவருடைய பணம்.

ரகசியம் என்ற சொல்லுக்கு வருகிறேன். நான் சட்டம் படித்தவள் இல்லை. ஆனால் ஓய்வு பெற்ற பிறகு நேரம் இருக்கிறது, தங்கை மகன் சட்டம் படிக்கிறான், இரண்டு ஞாயிற்றுக்கிழமை அவனோடு உட்கார்ந்தேன். நம்முடைய கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் 1979-ஆம் ஆண்டுடையது, அதன் வேர் வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம், அதன் சாடை இந்தியாவின் கூட்டுறவுச் சட்டத்தில் இருக்கிறது. அந்த 1912-ஆம் ஆண்டு இந்தியச் சட்டத்தை அவன் எடுத்துக் காட்டினான். பதிவாளர் தாமாகவே விசாரணை நடத்தலாம். நிர்வாகக் குழுவில் பெரும்பான்மையோ உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கோ கேட்டால் நடத்தியே ஆகவேண்டும். இதைவிட எனக்குப் பிடித்தது அடுத்த பிரிவு. சங்கம் யாருக்காவது கடன்பட்டுத் திருப்பித் தராமல் இருந்தால், அந்தக் கடன்கொடுத்தவர் செலவுக்கு முன்பணம் கட்டிவிட்டுப் பதிவாளரிடம் புத்தகங்களைப் பார்க்கச் சொல்லலாம், பார்த்த பிறகு என்ன கண்டார் என்பதைப் பதிவாளர் அந்த ஆளுக்குத் தெரிவிக்க வேண்டும். நூறு வருஷத்துக்கு முன்னால், வெள்ளைக்காரன் எழுதிய சட்டத்தில், வெளியாள் ஒருவருக்கு முடிவைச் சொல்லவேண்டும் என்று இருந்தது. அது வேறு நாட்டின் சட்டம், இங்கே செல்லாது, எனக்கும் தெரியும். ஆனால் நான் வெளியாள்கூட இல்லையே. உறுப்பினர் என்றால் சொந்தக்காரர் என்று சேரும்போது சொன்னீர்கள், ஒருவருக்கு ஒரு வாக்கு என்று. சொந்த வீட்டில் வந்து சோதித்தவர்கள் என்ன சொன்னார்கள் என்பதை வீட்டுக்காரிக்குச் சொல்ல மாட்டேன் என்பது எந்த ஊர் நியாயம்?

தமிழ்நாட்டில் என் மாமியாரின் கிராமத்தில் கூட்டுறவு வங்கி என்றால் ஆடுமாடு மேய்க்கிறவருக்கும் "எண்பத்தொன்று" தெரியும். 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 81-ஆம் பிரிவு, விசாரணை. "நம்ம சொசைட்டிக்கு எண்பத்தொன்னு போட்டாச்சு" என்பார்கள். 87-ஆம் பிரிவு வந்தால் இழப்பைச் செய்தவரிடமே வசூலிக்கும் தண்டத்தீர்வை. அங்கே எல்லாம் ஒழுங்கு என்று சொல்ல வரவில்லை, விசாரணை இழுத்தடிப்பதில் அவர்களுக்கு நிகர் யாரும் இல்லை. ஆனால் விசாரணை நடக்கிறது என்பது ஊருக்கே தெரியும். இங்கே எல்லாம் சுத்தமாக, சத்தமில்லாமல், மூடிய அறையில் நடக்கிறது. சத்தம் இல்லாததையே நல்லது என்று நினைத்துப் பழகிவிட்டோம்.

சத்தம் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு 2024-ஐவிடப் பக்கத்தில் உதாரணம் வேண்டாம். 1970-இல் தொழிலாளர்களுக்காகத் தொடங்கிய காப்புறுதிக் கூட்டுறவு இன்கம், 2022-இல் நிறுவனமாக மாறியது. நம் சட்டத்தின் 88-ஆம் பிரிவுப்படி ஒரு கூட்டுறவு கலைக்கப்பட்டால் மிஞ்சுகிற உபரி கூட்டுறவுத் துறைக்கான கலைப்புக் கணக்குக்குப் போகவேண்டும். கூட்டுறவுகளைப் பார்க்கும் அமைச்சு அதற்கு விலக்கு கொடுத்தது, ஏறக்குறைய 2 பில்லியன் வெள்ளி புதிய நிறுவனத்தோடு போனது. 2024 ஜூலையில் ஜெர்மனியின் காப்புறுதி நிறுவனமான அலையன்ஸ் 2.2 பில்லியன் வெள்ளிக்கு இன்கமின் பெரும்பான்மைப் பங்கை வாங்க முன்வந்தது. மக்கள் கேள்வி கேட்டார்கள், பழைய நிர்வாகிகளே வெளிப்படையாக எழுதினார்கள். அக்டோபர் 14-ஆம் தேதி அமைச்சர் எட்வின் டோங் நாடாளுமன்றத்தில் இந்த வடிவத்தில் இது நடக்க முடியாது என்றார். வாங்கிய மூன்று ஆண்டுக்குள் 1.85 பில்லியன் வெள்ளி மூலதனத்தைப் பங்குதாரர்களுக்குத் திருப்பிக் கொடுக்கும் திட்டம் அந்தப் பேரத்தில் இருந்தது. காப்புறுதித் தொழிலைக் கண்காணிக்கும் நாணய ஆணையத்திடம் அந்தத் தகவல் இருந்தது, கூட்டுறவைப் பார்க்கும் அமைச்சுக்கு அது பிறகுதான் தெரிந்தது. ஒரு மேசையில் ஒரு காகிதம், இன்னொரு மேசையில் இன்னொரு காகிதம். இரண்டையும் சேர்த்து வைக்கக் கேள்வி கேட்பவர்கள் தேவைப்பட்டார்கள். டிசம்பரில் அலையன்ஸ் விலகிக்கொண்டது. எவரும் தவறு செய்தார் என்று இதில் நான் சொல்லவில்லை, அவ்வளவு பெரிய இடத்திலேயே கண்காணிப்பு என்பது மேலே இருப்பவர்கள் மட்டும் பார்த்துக்கொள்ளும் வேலை இல்லை என்றுதான் சொல்கிறேன்.

நம்மைப் போன்ற கடன் சங்கங்களை நாணய ஆணையம் கண்காணிப்பதில்லை, பதிவாளர்தான். 2018-இல் சட்டத்தைத் திருத்திப் பதிவாளரின் கையை வலுப்படுத்தினார்கள், நல்லதுதான். ஆனால் அவர் உங்களுக்கு எழுதுகிறார், நீங்கள் அவருக்கு எழுதுகிறீர்கள், நடுவில் பணம் போட்ட நாங்கள் பிரியாணி சாப்பிடுகிறோம். மேற்பார்வை கூடக் கூட உறுப்பினருக்குத் தெரிவது குறைகிறது என்றால் அந்தக் கணக்கில் எங்கோ பிசகு.

நீங்கள் என்ன சொல்வீர்கள் என்றும் தெரியும். கூட்டம் முடிந்து லிஃப்ட் அருகில் உங்களில் ஒருவர் என்னிடம் தனியாகச் சொன்னார்: "இதையெல்லாம் வெளியே சொன்னா எல்லாரும் ஒரே நாள்ல பணத்தை எடுக்க வருவாங்க, அப்புறம் யாருக்கும் இல்லாமப் போயிடும்." இது வெறும் சாக்கு இல்லை, உண்மையான பயம், நான் அதை மதிக்கிறேன். வங்கியில் போட்ட பணத்துக்கு 2024 ஏப்ரலிலிருந்து 100,000 வெள்ளி வரை வைப்புத்தொகைக் காப்புறுதி உண்டு, நம் சங்கத்தில் கிடக்கும் சேமிப்புக்கு அந்தக் காப்புறுதி கிடையாது. உறுப்பினர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும் என்று எண்ணிப் பாருங்கள், என் வரிசையில் உட்கார்ந்திருந்த ஏழு பேரைக் கேட்டேன், ஒருவருக்குத் தெரிந்திருந்தது. அவர் வங்கியில் வேலை பார்த்தவர். காப்புறுதி இல்லாத பணத்துக்கு இருக்கிற ஒரே காப்பு, என்ன நடக்கிறது என்று போட்டவருக்குத் தெரிவதுதான். அதையும் எடுத்துவிட்டு நம்புங்கள் என்றால் எதை நம்புவது? பதற்றம் வருமென்றால், நல்ல செய்தியை மூடி வைத்ததால் வரும் பதற்றத்தைவிடக் கெட்ட செய்தியைத் திட்டத்தோடு சேர்த்துச் சொன்னால் வரும் பதற்றம் குறைவாகவே இருக்கும். என் அம்மாவின் நோயை டாக்டர் எங்களிடம் மூன்று வாரம் சொல்லாமல் வைத்திருந்தார், பயந்துவிடுவோம் என்று. அந்த மூன்று வாரம்தான் நாங்கள் அதிகம் பயந்தோம்.

இந்தக் கேள்விக்காக என் கடன் விண்ணப்பம் தாமதமாகுமா என்று என் மகள் கேட்டாள். எனக்குக் கடன் எதுவும் இல்லை, 2014-இல் கடைசித் தவணை கட்டினேன். ஜாமீனும் இனி யாருக்கும் போடுவதாக இல்லை. அதனால் பயமில்லாமல் கேட்கக் கூடியவர்களில் நானும் ஒருத்தி. கடன் நிலுவை உள்ளவர்கள் வாய் திறக்க மாட்டார்கள், அது உங்களுக்கும் தெரியும்.

கேட்பது இவை. முப்பது நாளுக்குள் ஒரு சிறப்புப் பொதுக்கூட்டம் கூட்டுங்கள், அதில் வேறு எந்த அங்கமும் வேண்டாம், சாப்பாடும் வேண்டாம், காலை பத்து மணிக்கு இதையே முதல் அங்கமாக வையுங்கள். பதிவாளர் அலுவலகத்திலிருந்து வந்த கடிதத்தையும் நீங்கள் எழுதிய பதிலையும் முழுதாகப் படியுங்கள். தனிப்பட்ட உறுப்பினர்களின் பெயர் இருந்தால் மறைத்துக்கொள்ளுங்கள், தொகையை மறைக்காதீர்கள். காட்ட முடியாது என்றால் எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு தடுக்கிறது என்பதை எழுத்தில் கொடுங்கள், அல்லது வெளியிட அனுமதி கேட்டுப் பதிவாளருக்கு எழுதி அந்தக் கடிதத்தின் நகலையாவது பலகையில் ஒட்டுங்கள். 611,000 வெள்ளி என்ன, எந்த முடிவின்படி போனது, அதில் செயலவையில் இருப்பவருக்கோ அவர் வீட்டாருக்கோ தொடர்பு உண்டா இல்லையா என்று ஒரு பக்கத்தில் எழுதி எல்லா உறுப்பினருக்கும் அனுப்புங்கள், தமிழிலும் மலாயிலும் சீனத்திலும் சேர்த்து, ஏனென்றால் அந்த மலாய் அக்காவுக்கு ஆங்கிலக் கணக்குக் குறிப்பு புரியாது, எனக்கே பாதிதான் புரிந்தது. தொடர்பு உண்டு என்றால் சம்பந்தப்பட்டவர் கூட்டம் முடியும்வரை ஒதுங்கி இருக்கட்டும். இறந்த உறுப்பினர்களின் பணம் எத்தனை பேருக்கு நிலுவையில் இருக்கிறது, ஒவ்வொன்றும் எத்தனை மாதமாக என்ற பட்டியலும் வேண்டும், அந்த அக்காவின் பணத்துக்கு மட்டும் கூட்டம்வரை காத்திருக்க வேண்டாம், இந்த வாரமே முடியுங்கள்.

இந்த மடலின் நகலைப் பதிவாளருக்கும் அனுப்பியிருக்கிறேன், உங்களுக்குத் தெரியாமல் இல்லை, அதனால்தான் இங்கே சொல்கிறேன். முப்பது நாளில் கூட்டம் இல்லை என்றால் உறுப்பினர்களின் கையெழுத்தோடு முறையாக விசாரணை கேட்டு விண்ணப்பிப்போம். இதுவரை 63 பேர் போட்டிருக்கிறார்கள். படிவம் என்னிடம் இருக்கிறது, ஞாயிறு காலை ஒன்பதிலிருந்து பதினொன்றுவரை எங்கள் புளோக் கீழ்த்தளத்தில் தபால் பெட்டிகளுக்குப் பக்கத்து மேசையில் உட்கார்ந்திருப்பேன். செயலவையில் இருப்பவர்களும் வந்து போடலாம், நீங்களும் சந்தா கட்டுகிற உறுப்பினர்கள்தானே.

1991 முதல் உறுப்பினர் ஒருத்தி